நாலாம் அடுக்குக்காரர்

ஜன்னலைச் சாத்திவிட்டுத்தான் தோசுன் தன் முக்காலியில் உட்காருவார். எங்கள் அறைக்கு இருப்பது ஒரே ஜன்னல். அது ஹாரு நதியைப் பார்த்தபடி இருக்கிறது. மழை மாதத்துப் புழுக்கத்தில் மையின் வாடை தலைக்கேறி மற்றவர்கள் கிறங்கிப்போனாலும் அதைத் திறக்க விடமாட்டார். "காத்து அடிச்சா மை காஞ்சிரும்" என்பார். மை காய்வதற்காகத்தானே நாம் எல்லோரும் இங்கே உட்கார்ந்திருக்கிறோம் என்று ஒருமுறை சொல்லிப் பார்த்தேன். "அதெல்லாம் எனக்குத் தெரியாது தங்கச்சி" என்றார். தோசுனுக்குத் தெரியாத விஷயங்களின் பட்டியல் நீளமானது. அவருடைய பிழைப்பே அதில்தான் இருக்கிறது.

வயது ஐம்பத்தெட்டு. ஆள் குள்ளம், முக்காலியில் உட்கார்ந்தால் பாதம் தரைக்கு எட்டாது. மோவாயில் பத்துப் பதினைந்து நரைமுடி உண்டு, அதைத் தாடி என்று சொல்லிக்கொள்வார். வீட்டுக்குப் போகும்போது இரண்டு காதிலும் மெழுகை உருட்டி வைத்துக்கொள்வார். ஆற்றங்கரைச் சாலை பக்கம் என்றாலும் நெசவுக்காரர் சந்து வழியாகச் சுற்றித்தான் போவார், ஏனென்றால் கரையில் படகுக்காரர்கள் ஊர்க்கதை பேசுவார்கள். ஊறுகாய் முள்ளங்கி வாங்குவதற்கு நோபெங் நகரம் முழுக்கத் தேடி, வாயே திறக்காத ஒரு கடைக்காரனைப் பிடித்து வைத்திருக்கிறார். பொம்மலாட்டம் என்றால் உயிர். ஆனால் கதாநாயகி ஆபத்தில் சிக்கியதும் எழுந்துவிடுவார். "கடைசியில என்ன ஆச்சு அண்ணே?" என்று மறுநாள் கேட்டால், "சேர்ந்திருப்பாங்க" என்பார்.

'இருப்பாங்க' என்பது அவர் வாயில் சாமி பெயர்போல வந்துகொண்டே இருக்கும். நல்லா இருப்பாங்க. போயிருப்பாங்க. சாப்பிட்டிருப்பாங்க. பக்கத்து வீட்டுக் குயவர் காய்ச்சலில் கிடந்தபோது, "எந்திரிச்சிருப்பாரு" என்று சொல்லிக்கொண்டே தினமும் அவர் வாசலைத் தாண்டி வந்தார். கடைசியாக அப்படிச் சொன்ன அன்று குயவரைப் புதைத்துப் பத்து நாள் ஆகியிருந்தது.

கேலி செய்கிறேன் என்று நினைக்க வேண்டாம். பதினான்கு வருடமாக அவருக்கு அடுத்த மேசையில் உட்கார்ந்திருக்கிறேன். என் பெயர் சிரிம். அவர் வைக்கும் நாலாம் அடுக்கின் மேல் ஐந்தாம் அடுக்கை வைப்பது என் வேலை. அவரைக் கேலி செய்தால் அதில் பாதி எனக்கும் வந்து சேரும்.

வெள்ளம் பார்த்தவர்களுக்கு ஏழடுக்கைத் தெரியாமல் இருக்காது. பார்க்காத புண்ணியவான்களுக்காகச் சொல்கிறேன். உள்ளங்கை அகலத்தில் ஒரு கறுப்புக் கற்பலகை. அதில் ஒரு குறி, அது காய்ந்ததும் அதன் மேலேயே இன்னொரு குறி, இப்படி ஏழு. சாய்த்துப் பிடித்தால் ஒன்றின் அடியில் ஒன்றாக ஏழும் தெரியும். ஒவ்வொரு அடுக்குக்கும் பலகையின் எடை கூடும். வெறும் பலகையை இரண்டு விரலில் பிடிக்கலாம். ஏழும் ஏறிவிட்டால் கம்பில் கட்டி இரண்டு ஆள் தூக்க வேண்டும். அதைக் கொண்டுபோய் மதகின் கல்லில் வைத்து அழுத்தினால் கதவு தானாகத் திறந்து, நகரத்தை விழுங்க வந்த தண்ணீர் பள்ளத்து ஊருக்குள் பாயும். அது இல்லாமல் நூறு பேர் கடப்பாரை போட்டாலும் மதகு அசையாது.

முதல் மேசை ஊரின் பெயரை வைக்கிறது, இரண்டாவது நீர்மட்டத்தை, மூன்றாவது மூழ்கப்போகும் பயிரை. நாலாவது, 'மனிதர்கள் போய்விட்டார்கள்.' அது தோசுனுடையது. ஐந்தாவது, 'எதிர்ப்பு இல்லை.' அது என்னுடையது. ஆறாவதை எங்கள் தலைவர் பென்சோ வைப்பார், ஏழாவதை மதகுக் காவலர்.

குறியை வைப்பவர் அதை நம்ப வேண்டும். நம்பாமல் வைத்தால் மை பலகையில் ஒட்டாது. சேம்பிலையில் விழுந்த தண்ணீராகத் திரண்டு உருண்டு மேசையில் கொட்டிவிடும். இதை ஏற்படுத்திய பெரியவர்கள், பொய் சொல்கிறவன் இந்த அறைக்குள் நுழையவே முடியாது என்று நிம்மதியாகக் கண்ணை மூடியிருப்பார்கள். பலகை கேட்பது நம்பிக்கையைத்தான், உண்மையை இல்லை என்று கண்டுபிடிக்க எங்கள் அலுவலகத்துக்கு அதிக நாள் ஆகவில்லை.

தோசுனுக்கு முன்னால் அந்த மேசையில் கிலோம் என்பவர் இருந்தார். நேர்மையான மனிதர். ஒவ்வொரு முறையும் படகேறிப்போய் ஊரைப் பார்த்துவிட்டு வந்துதான் குறி வைப்பார். ஒரு மழையில் அப்படிப் போனபோது, காலியான ஊரின் ஒரு கொடியில் ஈரத்துணி காய்வதைப் பார்த்துவிட்டார். திரும்பி வந்து பதினொரு முறை குறியை வைத்தார். பதினொரு முறையும் மை உருண்டு விழுந்தது. அதற்குள் நகரத்தின் கிழக்குச் சுவர் உடைந்து, கிழக்குத் தெருவில் பாதியை ஆறு கொண்டுபோயிற்று. அந்தத் துணியின் சொந்தக்காரர் முந்தின நாளே மேட்டுக்குப் போயிருந்தார். துணியை மட்டும் மறந்துவிட்டார்.

அதன்பிறகு நாலாம் மேசைக்காரர் ஊரைப் பார்க்கப் போகக்கூடாது என்று விதி வந்தது. வேலைக்கு ஆள் எடுத்ததும் புது மாதிரி. மூடிய பெட்டி ஒன்றை முன்னால் வைத்து, "இதற்குள் காடை முட்டை இருக்கிறது, குறி வை" என்றார்கள். வந்தவர்களில் ஒருவர் பெட்டியைக் குலுக்கினார். ஒருவர் மோந்து பார்த்தார். தோசுன் மட்டும், "நீங்க சொன்னா இருக்கும்" என்று சொல்லிக் குறியை வைத்தார். மை அப்படியே பிடித்தது. பெட்டியில் ஒன்றும் இல்லை.

ஊர் காலியாகிவிட்டது என்பதற்கு அவரிடம் வரும் ஒரே சாட்சி அடுப்புக் கல். தமுக்கு அடித்ததும், கிளம்பும் ஒவ்வொரு வீடும் அடுப்பின் மூன்று கல்லில் ஒன்றைத் தமுக்கடிப்பவனிடம் கொடுத்துவிட வேண்டும். இரண்டு கல்லை வைத்துக்கொண்டு யாரும் சமைக்க முடியாது. கல் வந்துவிட்டால் வீடு காலி. தண்ணீர் வடிந்ததும் வந்து அவரவர் கல்லைத் தேடி வாங்கிப் போவார்கள். கொடுப்பது எப்போதும் மருமகளின் கல். எங்கள் பெண்கள் கல்யாணமாகிப் போகும்போது தாய்வீட்டு அடுப்பிலிருந்து ஒரு கல்லைச் சிவப்புத் துணியில் கட்டித் தூக்கிப் போவார்கள். தண்ணீருக்குப் பயந்து வீட்டை விடும்போதும் அவள் கையில் முதலில் வருவது அதுதான்.

கல்லை எண்ணும்போது தோசுன் இரண்டு கையிலும் பஞ்சு வைத்துத் தைத்த உறை போட்டுக்கொள்வார். "எனக்குக் குளிர்ந்த கை, கல்லு பட்டா விறைச்சிரும்" என்பார். சேர்ந்த புதிதில் நான் அதை நம்பினேன். ஒருநாள், பக்கத்துப் பள்ளம் ஒன்றிலிருந்து வந்து அவர் எண்ணி முடித்த குவியலை ஓரமாகத் தள்ளப்போய், வெறும் கையால் ஒரு கல்லைத் தொட்டுவிட்டேன். கதகதப்பாக இருந்தது. அன்று காலையில் அந்த அடுப்பில் யாரோ சமைத்திருக்கிறார்கள். அவசரப்பட்டுக் கிளம்பினார்களா, கல்லைப் பிடுங்கிவிட்டார்களா என்று எனக்குத் தெரியவில்லை. அதற்குப் பிறகு நானும் கல்லைத் தொடுவதில்லை.

அவருக்கு ஒரே மகள், யெரே. தாய் இறந்த மறு வருடம் அவளை லாங்சேய் பள்ளத்தில் ஒரு விலாங்குமீன்காரனுக்குக் கொடுத்தார். படகுத்துறைவரை நானும் கூடப் போனேன். அவள் இடுப்பில் துணி விலகித் தெரிந்த கல்லின் குறுக்கே வெள்ளையாக ஒரு கோடு ஓடியது; தாய் உப்புத் தண்ணீரால் தேய்த்துத் தேய்த்து அந்தக் கோட்டைப் பளபளவென்று வைத்திருந்தாள். கல்லெடுத்துப் போன மகள் வேறு அடுப்பு, சொந்த வீட்டுக் கணக்கில் வரமாட்டாள். அதனால் லாங்சேய் பலகை வந்தாலும் தோசுன் குறி வைக்கலாம், விதியில் தடையில்லை. மகள் மீன்காரர்களிடம் கொடுத்தனுப்பும் கடிதங்களை அவர் பிரிப்பதில்லை. மேசை இழுப்பறையில் அடுக்கி வைத்திருந்தார்.

"படிச்சாத்தான் என்ன அண்ணே?" என்று கேட்டேன்.

"நல்லா இருப்பா. அதைத்தானே எழுதியிருப்பா?"

"அதைப் படிக்கிறதுல என்ன குறைஞ்சிரும்?"

"இல்லைன்னு எழுதியிருந்தா?" என்றார். இழுப்பறையை மூடிவிட்டு வேறு பேச்சுக்குப் போனார். அவர் பயந்து நான் பார்த்தது அந்த ஒரு கணம்தான்.

மூன்று மழைக்கு முன்னால் லாங்சேய் பலகை வந்தது. ஒன்பது நாளாக வானம் பொத்துக்கொண்டு ஊற்றியது. கிழக்குச் சுவரில் தண்ணீர் பத்தாம் கோட்டைத் தொட்டுவிட்டது, பன்னிரண்டாம் கோட்டில் சுவர் முடிகிறது. சுவருக்கு இந்தப் பக்கம், ஆற்றைவிடத் தாழ்வாக, கிழக்குத் தெருவிலும் அதன் சந்துகளிலும் முப்பதாயிரம் பேர். என் இரண்டு பிள்ளைகளும் அன்று அந்தத் தெருவில் பள்ளிக்கூடத்தில் இருந்தார்கள்.

தமுக்கடிக்கும் மகூன் முற்பகலில் வந்தான். முந்தின நாள் கிளம்பி, ராவெல்லாம் துடுப்புப் போட்டு வந்தவன். கூடைகளைக் கவிழ்த்துவிட்டு, "இருநூத்திப் பன்னெண்டு" என்றான். லாங்சேயில் அத்தனை வீடு. நாலாம் அடுக்கு பிடிக்கும்வரை எண்ணிக்கையைத் தவிர அவன் ஒன்றும் சொல்லக்கூடாது.

இருநூறு கல்லை எண்ணத் தோசுனுக்குக் கால் மணி நேரம் போதும். அன்று உச்சிவேளைவரை எண்ணினார். ஒவ்வொரு கல்லையும் புரட்டினார், அடியைப் பார்த்தார், தள்ளி வைத்தார். என்ன தேடுகிறார் என்று எனக்குத் தெரியும். நானும் என் இடத்திலிருந்து தேடிக்கொண்டுதான் இருந்தேன். வெள்ளைக் கோடு போட்ட கல் அந்தக் குவியலில் இல்லை.

"ஒன்னு குறையுது" என்றார்.

"சரியாத்தான் கட்டினேன்" என்றான் மகூன், தரையைப் பார்த்துக்கொண்டு.

"இருநூத்திப் பதினொன்னுதான் இருக்கு."

தலைவர் பென்சோ வாசற்படியில் நின்றிருந்தார். மகூனையும் பார்க்கவில்லை, எங்களையும் பார்க்கவில்லை. "படகுல விழுந்து கெடக்கும். போய் எடுத்துட்டு வா" என்றார்.

படகுத்துறைக்குப் போய்வர அரை மணி ஆகும். மகூன் ஒரு கிண்ணம் தண்ணீர் குடிக்கும் நேரத்துக்குள் கல்லோடு திரும்பினான். பின்கட்டில் தினைக்கஞ்சி விற்கும் பேரி அக்காவின் குரல் அதற்கு முன்னாலேயே உள்ளே வந்துவிட்டது. "எவன்டா அவன், கொதிக்கிற பானையைச் சாய்ச்சிட்டு அடுப்புக் கல்லைத் தூக்கிட்டு ஓடுறவன்? ஒங்க வீட்டுல கல்லு இல்லையா?"

அறையில் யாரும் நிமிரவில்லை. தோசுன் கல்லை வாங்கினார். உறையின் பஞ்சு கருகும் வாடை வந்தது.

"வெயில்ல கெடந்திருக்கும்" என்றார்.

ஒன்பது நாளாக நாங்கள் வெயிலையே பார்க்கவில்லை. அந்த நேரத்தில் எனக்கு அவர்மேல் வந்த வெறுப்பை மறைக்க விரும்பவில்லை. ஆனால் அவர் கல்லைப் புரட்டி, அதில் கோடு இல்லை என்று பார்த்துவிட்டு, எனக்கு மட்டும் கேட்கும்படி சொன்னது இது:

"அவங்கம்மா கல்லை அவ யாருக்கும் குடுக்க மாட்டா தங்கச்சி. இடுப்புல வச்சிட்டே மேட்டுக்குப் போயிருப்பா. வேற ஒரு கல்லை எடுத்துக் குடுத்திருப்பா. பிடிவாதக்காரி."

சொல்லிவிட்டுத் தூரிகையைத் தோய்த்துக் குறியை வைத்தார். ஒரே இழுப்பு, நடுக்கம் இல்லை. மை திரளுகிறதா என்று எல்லோரும் கழுத்தை நீட்டிப் பார்த்தோம். திரளவில்லை. பலகையின் எடை கூடி மேசை கிறீச்சிட்டது. அவர் நம்பிவிட்டார். பெற்ற மகளின் கல்லைக் காணாத ஒரு மனிதர் அரை நிமிடத்துக்குள் அவளை மேட்டில் ஏற்றி உட்கார வைத்துவிட்டார். மகளை அப்படி நம்புகிறவரை வெறுக்க முடியவில்லை. கொஞ்ச நேரத்துக்கு நானும் அந்தக் கதையை நம்பினேன்.

நாலாம் அடுக்கு பிடித்துவிட்டால் மறுபடி எடுக்க முடியாது. அதனால் மகூனின் வாய்க்கட்டும் அவிழ்ந்தது. அவன் சுவரில் சாய்ந்து உட்கார்ந்து மூச்சு விட்டான். வயிற்றுக்குள் வைத்துக்கொண்டிருந்ததைக் கொட்டிவிட வேண்டும் அவனுக்கு, யாரிடம் கொட்டுகிறோம் என்று தெரியாது.

"ஒரே ஒரு வீடுதான் தலைவரே. ஆத்தோரமா கடைசி வீடு, விலாங்குக்காரன் வீடு. வாசல்ல நாணல் கட்டியிருந்துச்சு. பிரசவ வீட்டு வாசலை மூணு நாளைக்கு நான் எப்படித் தாண்டுறது? வெளியில நின்னு கத்துனேன். உள்ள பச்சைப்புள்ள அழுவுது. அந்தப் பொண்ணுதான் பேசிச்சு. 'புருஷன் படகு தேடிப் போயிருக்காரு, வெந்நீர் வைக்கணும் அண்ணே, கல்லை நாளைக்குத் தரேன்'னு சொல்லிச்சு. நல்ல மரியாதையான பொண்ணு."

பென்சோ, "போதும்" என்றார்.

தோசுன் தூரிகையைக் கழுவிக்கொண்டிருந்தார். கை நின்றது, பிறகு கழுவியது. அது சுத்தமான பிறகும் கழுவிக்கொண்டே இருந்தார்.

பலகையை இரண்டு கையாலும் தள்ளி என் மேசைக்குக் கொண்டுவந்தார்கள். ஐந்தாம் அடுக்கை வைப்பதற்கு முன்னால் நான் எழுந்து நின்று, "எதிர்ப்பு உண்டா?" என்று மூன்று முறை உரக்கக் கேட்க வேண்டும். அறையில் இருக்கும் மேசைக்காரர் யார் வேண்டுமானாலும் 'உண்டு' என்று சொல்லலாம், முன்னால் அடுக்கு வைத்தவர்கூட. கேட்கிறவள் மட்டும் சொல்லக்கூடாது. ஒருவர் சொல்லிவிட்டால் போதும், மூன்று நாள் விசாரணை, பலகை நகராது. என் வேலைக்காலம் முழுக்க ஒருவரும் சொன்னதில்லை. சொல்ல வேண்டியவர்கள் படகுப் பயணத்துக்கு அப்பால் இருப்பார்கள். நான் நான்கு சுவரைப் பார்த்துக் கேட்டுவிட்டு, எதிர்ப்பு இல்லை என்று மனமார நம்பிக் குறி வைப்பேன். கிலோமைப் பற்றி இவ்வளவு பேசிய நான் செய்துவந்தது அதுதான்.

எழுந்து நின்றேன். "எதிர்ப்பு உண்டா?"

மூன்றாம் மேசைக்காரர் நகத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார். மற்றவர்களும் அப்படித்தான். வெளியே கிழக்குச் சுவரின் மணி அடித்தது, நீர் பதினோராம் கோடு.

"எதிர்ப்பு உண்டா?"

தோசுன் தண்ணீர்க் குவளையையே பார்த்துக்கொண்டிருந்தார். என்னால் முடியவில்லை. "அண்ணே, உங்களைத்தான் கேக்குறேன்" என்றேன்.

"விதியில உள்ளதை மட்டும் கேளும்மா" என்றார் பென்சோ.

'உண்டு' என்று அவர் சொல்லிவிட வேண்டும் என்று அந்தப் பச்சைக் குழந்தைக்காக வேண்டிக்கொண்டேன். அதே மூச்சில், சொல்லிவிடக் கூடாது என்று என் பிள்ளைகளுக்காக வேண்டிக்கொண்டேன். இரண்டில் எது பலமாக இருந்தது என்று எனக்குத் தெரியும். அவரும் என் முகத்தில் அதைப் பார்த்தார் என்று நினைக்கிறேன், ஏனென்றால் அப்போதுதான் அன்று முதல்முறையாக என்னை நிமிர்ந்து பார்த்தார்.

மூன்றாவது முறையும் கேட்டேன்.

தோசுன் முக்காலியிலிருந்து இறங்கி என் மேசைக்கு வந்தார். என் மைக்கிண்ணத்தின் மூடியை எடுத்து ஓரமாக வைத்தார். அடியில் தங்கியிருந்த மையை மெதுவாகக் கலக்கினார். என் தூரிகையைத் தோய்த்து, அதிகமாக இருந்ததைக் கிண்ணத்தின் விளிம்பில் வழித்துவிட்டு, பிடி என் பக்கம் இருக்கும்படி திருப்பி நீட்டினார்.